மேல்வாய்க்காரி

அவனுக்குக் குயில் என்று பேர் வைத்தவன் பெரிய குசும்பனாக இருந்திருக்க வேண்டும். எண்ணெய் காணாத வண்டிச் சக்கரம் மேட்டில் ஏறுவது போன்ற குரல் அவனுடையது. அந்தக் குரலைத்தான் அவள் பத்துப் பன்னிரண்டு வருடமாகக் காதில் கட்டிக்கொண்டு பிழைப்பு நடத்தினாள்.

சுரங்கத்தில் அவளை எல்லோரும் மேல்வாய் என்பார்கள். குயில் கீழ்வாய். நடுவில் இருந்தது ஒரு இணைக்கல். உள்ளங்கையில் அடங்குகிற அந்தக் கல்லை ஒரே அடியில் இரண்டாகப் பிளக்க வேண்டும். பிளந்த முகத்தில் சூடு ஆறுவதற்குள் இருவர் ஆளுக்கொரு பாதியில் மூச்சு விட்டு, பாதிகளை மாற்றிக்கொள்ள வேண்டும். அதன் பிறகு ஒருவர் எவ்வளவு ஆழத்தில் இருந்து பேசினாலும் மற்றவர் காதில் விழும். அந்த இருவருக்கு மட்டும்தான் விழும். பக்கத்தில் நிற்பவன் கல்லைப் பிடுங்கித் தன் காதில் வைத்தாலும் அவனுக்கு அது வெறும் கல். ஒருவர் ஆயுளுக்கும் ஒரு கல்லுக்குத்தான் மூச்சு கொடுக்க முடியும். கல்யாணத்தைவிடக் கெட்டியான கட்டு என்று குயில் சிரிப்பான். கல்யாணத்திலாவது காதைப் பொத்திக்கொள்ளலாம் என்று அவள் பதில் சொல்வாள்.

அவர்கள் வெட்டியது கனல்கல். அந்த ஊரில் அடுப்பும் விளக்கும் அதனால்தான் எரிந்தன. பூமிக்குள் அது தூங்கிக் கிடக்கும். மேலே கொண்டுவந்து இரும்பால் தட்டினால் விழித்துக்கொண்டு மாதக்கணக்கில் தணலாக இருக்கும். கீழேயே விழித்துவிட்டால் வினை. தண்ணீர் ஊற்றினால் இன்னும் சீறும். காற்றை அடைத்தால்தான் அடங்கும். அதனால் ஒவ்வொரு சுரங்கப் பாதைக்கும் வாயில் ஒரு இரும்புக் கதவு உண்டு. உள்ளிருந்து வரும் அனல் கதவை வெளிப்பக்கம் தள்ளும் என்பதால் அதை உள்ளே நின்று இழுத்துச் சாத்தி உத்திரம் போட வேண்டும். ஆறேழு பேர் தோள் கொடுத்தால்தான் அசையும்.

அவள் வேலை குழிவாயில் ஒரு சின்ன அறையில் உட்கார்ந்து, கீழே இருந்து வருவதை மேலதிகாரியிடம் சொல்வது, மேலதிகாரி சொல்வதைக் கீழே சொல்வது. ஆட்களை ஏற்றி இறக்கும் இழுகூண்டு எப்போது வரும், எந்தப் பாதையில் எத்தனை வண்டி நிறைந்தது, யாருக்குக் கை நசுங்கியது, அவ்வளவுதான். மிச்ச நேரத்தில் குயிலுக்குக் கதை வேண்டும். அவள் தெருவில் தையல்காரி வீட்டுக்கும் எதிர்வீட்டுக்கும் கழிவுநீர் வாய்க்கால் சண்டை வருடக்கணக்காக நடந்தது. அன்றன்றைய நிலவரத்தை அவள் சொல்லியாக வேண்டும். சண்டை நடக்காத நாளிலும் உப்பு மிளகாய் சேர்த்து ஏதாவது இட்டுக்கட்டுவாள். கீழே இருக்கிறவனுக்குப் பொழுது போக வேண்டுமே என்ற இரக்கம் ஒரு பக்கம், அவன் சிரிக்கும்போது அவளுக்கும் பொழுது போனது மறுபக்கம்.

சுரங்கத்தில் ஒரு சட்டம் இருந்தது. மேல்வாயின் உறவுக்காரர் யாரும் கீழே வேலை செய்யக் கூடாது. சொந்த ரத்தம் கீழே இருந்தால் வாய் நேராகப் பேசாது என்று அந்தச் சட்டத்தைப் போட்டவன் மனிதர்களை அறிந்தவன். ஆனால் அவள் மகளைக் கட்டியவனுக்கு வேலை போய், வயிற்றுப்பிள்ளையோடு மகள் வீட்டுக்கு வந்து நின்றபோது அவளுக்கு வேறு வழி தெரியவில்லை. பக்கத்துத் தெருப் பையன் என்று சொல்லி மருமகனைச் சேர்த்துவிட்டாள். விஷயம் தெரிந்த ஒரே ஆள் குயில். கொஞ்சம் பார்த்துக்கொள் தம்பி என்று அவனிடம் சொல்லாமல் இருக்க முடியவில்லை. அவனும் பார்த்துக்கொண்டான். உங்க மருமகன் வேலையில எறும்பு, சாப்பாட்டுல யானை என்று அவ்வப்போது தகவல் சொல்வான். வெளியே மூச்சு விட்டதில்லை.

கனல் விழித்தது ஒரு முற்பகலில். தையல்காரி வாய்க்காலில் கல்லைப் போட்டு அடைத்த கதையை அவள் பாதி சொல்லிக்கொண்டிருந்தாள்.

"அக்கா, கொஞ்சம் இருங்க" என்றான் குயில். அந்தக் குரலில் சிரிப்பு இல்லை. "பக்கச் சந்துல பொகை வருது."

பிறகு சற்று நேரம் அவன் யாரையோ கூப்பிடுவதும் ஓடுவதும் இரைப்பதும் கேட்டது. அவர்கள் ஏழு பேர் கீழ்ப்பாதையில் இருந்தார்கள். அதிலிருந்து பிரிகிற சந்து ஒன்றில், சுவரின் உள்ளேயே கல் விழித்திருந்தது. சுவர் முழுக்கச் சிவந்து வருகிறது, புகை தரையோடு ஊர்ந்து, கூண்டு வந்து நிற்கும் குழியடிப் பக்கம் போகிறது என்றான். வெளியே ஓடிவிடவா என்று கேட்டான்.

அவள் மேலதிகாரியைக் கூப்பிட்டாள். அவர் நெட்டையான மனிதர், பேசும்போது மேசை விளிம்பைத் தடவிக்கொண்டே இருப்பார். அன்று தடவவில்லை. நேராக இழுகூண்டுக்காரனிடம் போய் விசாரித்துவிட்டு வந்தார். மேல்பாதை ஆட்கள் எல்லோரும், நாற்பது பேருக்கு மேல், மணி அடித்ததும் குழியடியில் வந்து கூடியிருந்தார்கள். கூண்டு ஒரு தடவைக்கு ஆறு பேரைத்தான் தூக்கும். கனல் புகையை நெஞ்சு நிறைய இழுத்தவன் பத்தடி நடக்க மாட்டான்.

"கதவைச் சாத்தச் சொல்லு" என்றார்.

அவள் புரியாமல் பார்த்தாள். கதவை உள்ளே இருந்துதானே சாத்த முடியும்?

"ஆமா. உள்ள இருந்துதான். அவங்க வெளிய ஓடி வந்தா பொகையும் கூடவே வரும். அந்த நாப்பது பேரும் கூண்டுக்குக் காத்திருந்தே சாவாங்க, இவங்களும் சேர்ந்து. சாத்திட்டு அந்தப் பக்கம் காத்துக்குழி வழியா ஏறி வரச் சொல்லு. கயிறு போட்டாச்சுன்னு சொல்லு."

கீழ்ப்பாதையின் மறுகோடியில் காற்று வர வெட்டிய அந்தக் குழி போன மழையில் சரிந்து மூடிப்போனது அவளுக்குத் தெரியும். அதைச் சுத்தம் செய்ய ஆள் கேட்டுக் கீழே இருந்து கூண்டில் ஏறி வந்தவன் சொன்னதைத் தன் வாயாலேயே அவரிடம் சொன்னவள் அவள். அப்புறம் பார்க்கலாம் என்று அவர் சொன்னதைக் கீழே சொன்னவளும் அவளே. ஆனால் ஆள் கேட்ட அன்று குயில் காய்ச்சலில் படுத்திருந்து தாமதமாக வேலைக்கு வந்தவன். கல்லைக் கட்டிக்கொண்டு அவள் சொன்ன பதிலைப் பக்கத்தில் இருந்தவனிடம் திருப்பிச் சொன்னானே தவிர, என்ன ஏது என்று கேட்டுக்கொள்ளவில்லை.

"அது மூடிக் கெடக்குதேய்யா" என்றாள்.

"தெரியும்."

"உண்மையைச் சொல்லிக் கேட்டுப் பாக்கலாமே."

"சொன்னா எவன் சாத்துவான்? நீ சாத்துவியா?" என்றார் அவர். கோபமாகச் சொல்லவில்லை. கெஞ்சுவது போலத்தான் இருந்தது. "சீக்கிரம் சொல்லு. உன் வாய்தான் அங்க போகும். என் வாய் போகாது."

அது உண்மை. அவர் எவ்வளவு கத்தினாலும் அந்தக் கல்லுக்குள் ஒரு எழுத்து இறங்காது. அவள் மறுத்திருக்கலாம். குயிலிடம் நடந்ததை நடந்தபடி சொல்லி, நீயே முடிவு செய் தம்பி என்றிருக்கலாம். பிற்பாடு எத்தனையோ தடவை அந்தச் சொற்களை வாய்க்குள் அடுக்கிப் பார்த்தாள், எல்லாம் சுலபமான சொற்களாகவே இருந்தன. அந்த நேரத்தில் அவள் கண்ணில் நின்றது ஒன்றுதான். குழியடியில், கூண்டுக்குக் கூட்டத்தோடு கூட்டமாக நிற்கிற மருமகன். முண்டியடித்து முன்னால் வரத் தெரியாத பிள்ளை. கடைசிக் கூண்டில்தான் வருவான்.

"தம்பி, கதவை உள்பக்கம் சாத்திருங்க" என்றாள். "சாத்திட்டுக் காத்துக்குழிக்கு வந்துருங்க. மேல கயிறு போட்டாச்சு."

குரல் நடுங்கவில்லை. வாய்க்கால் சண்டையை இட்டுக்கட்டிய அதே வாய், அதே லாவகம்.

குயில் ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. சரிக்கா என்றான். பிறகு அவன் முக்கலும் முனகலும் மூச்சோடு கலந்து கேட்டன. யாரையோ திட்டினான். இரும்பு கல்லில் உரசுகிற சத்தம் அங்கே எப்படி இருக்கும் என்று அவள் பல் கூசியது. உத்திரத்தைப் போடு என்று கத்தினான்.

"சாத்தியாச்சுக்கா. கயித்த நல்லா புடிச்சுக்கச் சொல்லுங்க. எங்கள்ல ஒருத்தன் பன்னி மாதிரி இருக்கான்."

சாத்தியாயிற்று என்று அவள் சொன்னதும் மேலதிகாரி நாற்காலியில் உட்கார்ந்து முகத்தை இரண்டு கையாலும் மூடிக்கொண்டார். பிறகு எழுந்து கூண்டைப் பார்க்கப் போய்விட்டார். அறையில் அவள் மட்டும் இருந்தாள். காதில் அவர்கள் நடந்தார்கள்.

காற்றுக்குழிக்கு வந்து சேர்ந்ததும், இங்கே மண் சரிந்து கிடக்கிறதே என்றான் குயில். மேலே இருந்து தோண்டிக்கொண்டு இருக்கிறார்கள் என்றாள் அவள். யார் யார் என்று கேட்டான். சொன்னாள். இழுகூண்டுக்காரனின் தம்பி, கொல்லன், லாயத்தில் வேலை செய்கிற இரண்டு பேர். கொல்லன் சட்டையைக் கழற்றிவிட்டான் என்றுகூடச் சொன்னாள். நிறுத்தினால் அவன் வேறு ஏதாவது கேட்டுவிடுவான் என்று நிறுத்தாமல் சொன்னாள். குயில் அதையெல்லாம் மற்றவர்களுக்குச் சொன்னான். கொல்லனின் தொப்பையைப் பற்றி ஒருவன் ஏதோ சொன்னான் போலும், குயில் இருமலும் சிரிப்புமாக அதைத் திருப்பிச் சொன்னான்.

அவர்களும் உள்ளிருந்து மண்ணை அள்ளினார்கள். கொஞ்சம் கொஞ்சமாக அனல் ஏறியது. பேச்சு குறைந்தது. ஆடு கட்டுகிற கயிறு பரணில் இருப்பதைத் தன் வீட்டில் சொல்லும்படி ஒருவன் கேட்டதாகக் குயில் சொன்னான். இன்னொருவன் தண்ணீர் மட்டும் கேட்கிறான் என்றான். குயில் தன் வீட்டுக்கு எதுவும் சொல்லவில்லை. நேரிலேயே பேசிக்கலாம் என்றான்.

அந்த ஏழு பேரில் மூத்தவருக்குப் பல்லழகர் என்று பேர், வாயில் ஒரு பல் கிடையாது. அவர் அதுவரை வாய் திறக்காமல் மண்ணைத் தடவிக்கொண்டே இருந்திருக்கிறார். அவர் பேசியது அவளுக்குக் கேட்காது. குயில் அதற்குச் சொன்ன பதில்தான் கேட்டது. என்ன சொல்றீங்க, எப்போ, நீங்களே ஆள் கேட்டீங்களா, என்று ஒன்றன்பின் ஒன்றாக. பிறகு அவர்கள் கதவுக்கு ஓடினார்கள். இரும்பு அனலில் உப்பிச் சட்டத்தோடு இறுகியிருந்தது. உத்திரத்தைத் தொட்டவன் கை வெந்து அலறியது குயிலின் குரலையும் மீறி, எப்படியோ, அவள் காதில் விழுந்தது போல இருந்தது. இணைக்கல்லில் அப்படி விழாது என்று அவளுக்குத் தெரியும்.

வெகுநேரம் இரைப்பு மட்டும்.

"அக்கா" என்றான் பிறகு. "இது மூடிக் கெடக்குறது உங்களுக்கு முன்னாடியே தெரியுமா?"

அவள் வாயைத் திறந்தாள். தெரியாது என்று சொல்லியிருக்கலாம், அதற்கு முன்பு அத்தனை பொய் சொன்னவளுக்கு அது ஒரு பாரமா? வரவில்லை. தெரியும் என்பதும் வரவில்லை.

அவன் காத்திருந்தான். எவ்வளவு நேரம் என்று அவளால் சொல்ல முடியாது. அறைக்கு வெளியே கூண்டு ஏறி வந்து, கதவு திறந்து, ஆட்கள் இருமிக்கொண்டே வெளியே விழுகிற சத்தம் கேட்டது. கடைசிக் கூண்டு. சன்னல் வழியே பார்த்தாள். மருமகன் கரி பூசிய முகத்தோடு மண்டியிட்டு வாந்தி எடுத்துக்கொண்டிருந்தான்.

"மருமகன் மேல வந்துட்டாரா?" என்றான் குயில்.

"வந்துட்டான்."

"சரி."

அவ்வளவுதான். அவன் கல்லைக் காதிலிருந்து அவிழ்த்துவிட்டான். அவிழ்த்த கல்லில் ஒன்றும் கேட்காது. தம்பி, தம்பி என்று அவள் கூப்பிட்டுக்கொண்டே இருந்தாள். மேலதிகாரி வந்து கையைப் பிடித்து எழுப்பும்வரை.

நாலு நாளில் சுரங்கக் கம்பெனி ஊர்க்கூட்டம் போட்டது. பட்டணத்திலிருந்து பெரிய மனிதர் ஒருவர் வந்தார். நாற்பது உயிரைக் காப்பாற்ற ஏழு பேர் தாங்களாகவே கதவைச் சாத்திக்கொண்டார்கள், இப்படிப்பட்ட மனிதர்கள் பிறந்த மண் இது என்று பேசினார். குழிவாயில் அவர்கள் பேர் வெட்டிய தூண் ஒன்று நிற்கும் என்றார். கூட்டத்தில் விம்மல் எழுந்தது. காப்பாற்றப்பட்டவர்கள் எழுந்து நின்றார்கள், மருமகனும் நின்றான். கூட்டத்துக்கு முன்பே மேலதிகாரி அவளிடம் வந்து, நாம் இதை இப்படியே விட்டுவிடுவோம், அந்தக் குடும்பங்களுக்கு இதுவாவது மிஞ்சட்டும் என்று சொல்லியிருந்தார். அவள் தலையாட்டியிருந்தாள். கேட்டவள் அவள் ஒருத்திதான், வேறு யார் வந்து மறுக்கப் போகிறார்கள்.

குயிலின் மனைவி ஒரு மத்தியானம் வீட்டுக்கு வந்தாள். இருவரும் அதற்கு முன்பு ஒன்றிரண்டு தடவைதான் சந்தித்திருந்தார்கள். ஒல்லியான பெண். வெள்ளாவிக் கொட்டகையில் வேலை, கை இரண்டும் வெளுத்துச் சுருங்கியிருந்தன. மகள் கிணற்றடியில் இருந்தாள். வந்தவள் உட்காரச் சொல்லியும் சுவரோரம் நின்றாள்.

வீட்டில் அவர் எப்போதும் இந்த அக்காவைப் பற்றித்தான் பேசுவார் என்றாள். வாய்க்கால் சண்டை தனக்கும் பிள்ளைகளுக்கும் மனப்பாடம் என்றாள். பிறகு, கடைசியாக என்ன சொன்னார் என்று கேட்டாள்.

மேல்வாய்க்காரி கதவைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தாள். கூட்டத்தில் பெரிய மனிதர் பேசியதே வாயில் வந்தது. அவள் முடித்ததும் வந்தவள் கேட்டாள்.

"நேர்ல பேசிக்கலாம்னு சொன்னதா நீங்க அன்னைக்கு ஆள்கிட்ட சொல்லி அனுப்புனீங்க. சாகப் போறேன்னு தெரிஞ்சு கதவ சாத்துனவரு எதுக்கு அப்பிடிச் சொல்லணும்?"

அதற்கு மேல் அவளால் முடியவில்லை. காற்றுக்குழி, கயிறு, கொல்லன், பல்லழகர், மருமகன் எல்லாவற்றையும் சொன்னாள். சரி என்று அவன் சொன்னதையும் சொன்னாள். எந்த மாதிரி சரி என்று தனக்குத் தெரியவில்லை என்றாள். அழவில்லை. அழுவதற்குத் தனக்கு என்ன உரிமை என்று இருந்தது.

"கோவத்துலயும் அவரு சரின்னுதான் சொல்வாரு" என்றாள் குயிலின் மனைவி. "சந்தோஷத்துலயும் அதேதான். எனக்கும் தெரியாது."

பிறகு தன் கையைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்.

"கேட்டிருந்தா சாத்தியிருப்பாரு. உங்க மருமகன் அங்க நிக்கிறான், மேல வர வழியில்ல, சாத்துறியான்னு கேட்டிருந்தா, ரெண்டு கெட்ட வார்த்தை பேசிட்டு சாத்தியிருப்பாரு. இத்தனை வருஷம் அவரோட பேசியிருக்கீங்க. இது உங்களுக்குத் தெரியாதா?"



"யார்கிட்டயும் சொல்லாதீங்க" என்றாள் அந்தப் பெண். "அப்பா தானா போயி சாத்துனாருன்னு நெனச்சுதான் பிள்ளைங்க தூங்குதுங்க. மத்த ஆறு வீட்டுலயும் அப்பிடித்தான். ஆனா எங்க வாசலுக்கு வந்துராதீங்க. தெருவுல பாத்தா பேசாதீங்க. உங்க குரலக் கேட்டா எனக்கு என்ன ஆகும்னு எனக்கே தெரியல."

போகும்போது வாசலில் மகள் குடத்தோடு எதிரே வந்தாள். நிறைமாத வயிற்றுக்காரிக்கு ஒதுங்கி வழிவிட்டு, பார்த்து நடம்மா என்று சொல்லிவிட்டுப் போனாள்.

யாரும்மா அது என்று மகள் கேட்டாள். வேலை இடத்தில் பழக்கம் என்றாள் அம்மா. மகளுக்கு அதில் கவனம் இல்லை. அவளுக்கு வேறு கவலை. மேல்பாதையைத் திறந்துவிட்டார்களாம், புது மேல்வாய், புதுக் கீழ்வாய் எல்லாம் வைத்துவிட்டார்களாம், இவரையும் வரச் சொல்லி ஆள் வந்ததாம். வேண்டாம் என்று நீயாவது சொல்லும்மா, நீ சொன்னால் கேட்பார் என்றாள்.

சாயங்காலம் சாப்பாட்டில் உட்கார்ந்திருந்த மருமகனுக்கு எதிரே அவள் வந்து நின்றாள். அவன் நிமிர்ந்து பார்த்தான். அந்த நாளுக்குப் பிறகு அவனும் அதிகம் பேசுவதில்லை. தூணில் ஏழு பேரின் பெயரையும் வெட்டி முடித்துவிட்டார்கள், போய்த் தொட்டுப் பார்த்துவிட்டு வந்தேன் என்றான். அந்த மனுஷங்க கொடுத்த உயிர், வீட்டில் குந்திக்கொண்டிருக்க வெட்கமாக இருக்கிறது என்றான்.

போக வேண்டாம் என்று சொல்ல வந்தவள் அதைச் சொல்லவில்லை. இன்னும் கொஞ்சம் போட்டுக்கொள் என்று தட்டை நகர்த்தினாள். காலையில் அவன் வேலைக்குப் போனான்.